அது எறும்புதான்

தப்பாக நினைக்காதீர்கள், அந்தப் பேப்பரைக் கொஞ்சம் அந்தப் பக்கமாக மடக்கிப் பிடியுங்கள். அந்த அம்மாள் படம் என் முகத்துக்கு நேராக இருக்கிறது. வள்ளியூர் பக்கம் நான் இறங்குகிற வரைக்கும் அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டே வர என்னால் ஆகாது. இப்போது அவள் வீட்டிலிருந்துதான் வருகிறேன்.

என்ன போட்டிருக்கிறான்? கொஞ்சம் வாசியுங்களேன். எனக்கு எழுத்துக் கூட்டித்தான் படிக்க வரும், மூன்றாம் வகுப்போடு சரி. ஆமாம், அன்னப்பழம். வள்ளியூர் வட்டாரத்தில் வில்லுப்பாட்டில் நடுவில் உட்கார்ந்து பாடிய முதல் பெண், இனிமேல் பாடப் போவதில்லை. சரி. கீழே பாருங்கள், செங்கமால்விளை கோயிலில் சாமியையே இறங்கி ஆட வைத்தவர் என்று இருக்கும். இருக்கிறதா? பார்த்தீர்களா, எல்லாப் பேப்பரிலும் அதை மட்டும் விடமாட்டான். ஆடினது யார் என்று போட்டிருக்கிறானா? போடமாட்டான். ஆடினது நான். நல்லபெருமாள் என்று ஒரு பெயர் இருக்கிறது எனக்கு.

ஆனால் அது சாமி இல்லை. எறும்பு. அதைத்தான் நாற்பத்தொரு வருஷமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறேன், ஒருத்தனும் எழுதிக்கொள்வதில்லை.

நீங்கள் எந்த ஊர்? திருச்சியா. அப்படியானால் ஆதியிலிருந்து சொல்ல வேண்டும். எங்கள் பக்கம் கோயில் கொடை, அதாவது உங்கள் ஊர்த் திருவிழா, அது வில்லுப்பாட்டு இல்லாமல் கிடையாது. பெரிய வில், அதன் நாணிலே மணிகள், வில்லை ஒரு குடத்தோடு சேர்த்துக் கட்டியிருக்கும். நடுவில் உட்கார்ந்து, கையிலே வீசுகோல் என்று இரண்டு கோல் வைத்துக்கொண்டு நாணை அடித்து, அந்தக் கோயில் சாமியின் கதையைப் பாடுகிறவர்தான் புலவர். குடம் அடிக்க ஒருவன், உடுக்கு அடிக்க ஒருவன். இடது பக்கம் உட்கார்ந்து, புலவர் ஒரு அடி சொன்னதும் ‘ஆமா’ என்று சொல்கிறவன் ஒருவன். அது நான்.

சிரிக்காதீர்கள். ஆமா சொல்வது லேசு என்று நினைக்கிறீர்கள். ராஜா வேட்டைக்குப் போனான் என்றால் ஒரு ஆமா, பிள்ளை இல்லாமல் அழுதான் என்றால் வேறு ஆமா. துரோகம் நடக்கப் போகிறது என்றால் நாக்கை மடக்கிக்கொண்டு, முழுசாகச் சொல்லாமல் ஒரு ஆமா. ஆமா விழவில்லை என்றால் புலவர் அடுத்த அடிக்குப் போக முடியாது, கிணற்றில் தண்ணீர் தட்டாத வாளி மாதிரி தொங்கிக்கொண்டு நிற்பார். சுயம்புலிங்கப் புலவர் என்று பெரிய புலவர், அவருக்குப் பதினாலு வருஷம் நான் ஆமா போட்டேன். ‘நல்லபெருமாள் ஆமா இல்லேன்னா எனக்குத் தொண்டையே இல்லை’ என்று நாலு பேர் நடுவில் சொன்ன மனுஷன் அவர்.

அவருக்கு ஒரு பக்கம் கையும் காலும் விளங்காமல் போயிற்று. வாய் கோணிவிட்டது. இனி வீசுகோல் யாருக்கு? எனக்குத்தான் என்று ஊரே சொன்னது. ஊரில் யார் சொன்னார்கள் என்று கேட்காதீர்கள், சொன்னார்கள். நான் போய்க் கட்டிலுக்குப் பக்கத்தில் நின்றேன், வெற்றிலை பாக்கு எல்லாம் வாங்கிக்கொண்டு. அவர் கோலை எடுத்தார், விளங்கின கையால். எனக்குப் பின்னால் நீட்டினார். திரும்பிப் பார்த்தால் மகள் நிற்கிறாள். அன்னப்பழம். இருபத்து நாலு வயசு. கையில் கஞ்சிக் கும்பா.

பெண் பிள்ளை வில்லடிக்கிறதா? அந்தக் காலத்தில் எங்கள் பக்கத்தில் யாரும் கண்டதில்லை. நான் அவரிடம் பக்குவமாகச் சொன்னேன். கோணின வாயால் அவர் சொன்னது எனக்கு மட்டும்தான் விளங்கியது. ‘ஒனக்கு ஆமாதான்டே வரும்’ என்றார். இதை நான் யாரிடமும் சொன்னதில்லை. நீங்கள் வழிப்போக்கர், சொன்னால் என்ன.

ஆறு மாசம் அவளுக்கு ஒரு கொடையும் கிடைக்கவில்லை. பிறகு எங்கள் செங்கமால்விளைக் கோயில் நிர்வாகி, புலவர் மேல் உள்ள மரியாதைக்காக, மத்தியானக் கொடைக்கு மட்டும் கூப்பிட்டார். எங்கள் ஊர்ச் சாமி கரையடிமாடன். குளத்துக் கரை உடையாமல் காவல் நின்றவனை வேறு ஊர்க்காரர்கள் வெட்டிப் போட்டார்கள், அவன்தான் சாமியானான். கதையில் அந்த வெட்டு விழுகிற இடம் வரும்போது, சாமி ஏறி ஆடுகிற சாமிகொண்டாடி மேல் அருள் வரவேண்டும். வந்தால் பாட்டு பலித்தது என்று அர்த்தம். வராவிட்டால் பாடினவருக்கு அந்த ஜில்லாவிலேயே அடுத்த கொடை கிடையாது. விளங்குகிறதா? அவளுக்கு அந்த ஒரு மத்தியானம்தான்.

அப்போது சாமிகொண்டாடி ஐயாக்குட்டி. அவரும் நானும் ஒரே எண்ணம். பெண் பிள்ளை கூப்பிட்டு வருகிற சாமியை உடம்பிலே ஏற்றமாட்டேன் என்றார் அவர். ஏற்றமாட்டேன் என்றால் எப்படி, சாமி வந்துவிட்டால் என்ன செய்வீர் என்றேன். அதற்கு வழி இருக்கிறது என்றார். சாமிகொண்டாடி பத்து நாள் விரதம் இருக்க வேண்டும், கவிச்சி தொடக்கூடாது. தொட்ட உடம்பில் சாமி காலெடுத்து வைக்காது. அவர் கொடையன்று காலையில் முதல் பஸ்ஸில் வள்ளியூர் போய் ஏழு பரோட்டாவும் கோழிச் சால்னாவும் சாப்பிட்டுவிட்டு, வாயைக் கழுவி, விபூதி பூசிக்கொண்டு வந்து நின்றார். பக்கத்தில் போனால் மசாலா வாசம். நான் என் பங்குக்கு ஒரு காரியம் செய்வதாகச் சொல்லியிருந்தேன். ஆமா போடமாட்டேன்.

போடவில்லை. அவள் முதல் அடி பாடினாள், என்னைப் பார்த்தாள். நான் பந்தல் கூரையைப் பார்த்தேன். இரண்டாவது அடி பாடினாள், பார்த்தாள். நான் பூவரச மரத்தைப் பார்த்தேன். உடுக்கடிக்கிறவன் என் தொடையில் இடித்தான். மூன்றாவது அடிக்கு அவள் என்ன செய்தாள் தெரியுமா? முன்னால் உட்கார்ந்திருந்த பொம்பளைகள் பக்கம் திரும்பி, ‘ஏன் மயினி, சரிதானா?’ என்றாள். அத்தனை பேரும் ‘ஆமா’ என்றார்கள். பதினாலு வருஷத் தொழிலை முந்நூறு பொம்பளைகள் ஒரு நிமிஷத்தில் படித்துக்கொண்டார்கள். அதிலும் எல்லாம் ஒரே மாதிரி ஆமா, துக்கமும் இல்லை சந்தோஷமும் இல்லை, வெறும் ஆமா. அதற்குக் கை தட்டுகிறார்கள்.

இங்கேதான் நீங்கள் கவனமாகக் கேட்க வேண்டும். நான் எப்போதும் மடியில் ஒரு கருப்பட்டித் துண்டு வைத்திருப்பேன். ஆமா போட்டுப் போட்டுத் தொண்டை காயும்போது வாயில் ஒதுக்கிக்கொள்வேன். அன்றைக்கு ஆமாவே இல்லை, தொண்டை காயவில்லை, கருப்பட்டி மடியிலேயே கிடந்தது. சித்திரை மாச வெயில். வேர்வையில் இளகி வேட்டியில் ஒழுகியிருக்கிறது. பூவரச மரத்தில் கட்டெறும்பு. கணக்கு விளங்குகிறதா? நான் ஆமா போட்டிருந்தால் கருப்பட்டி வாய்க்குள் போயிருக்கும். எறும்பு வந்திருக்காது. அன்னப்பழத்துக்குப் பெயரும் வந்திருக்காது. அவள் பெயர் முழுக்க என் வாய் மூடி இருந்ததால் வந்த பெயர். இதை எந்தப் பேப்பர் போடும்?

வெட்டு விழுகிற இடம் வந்தது.

‘கரையை நம்பி நின்றவனைக்
கண்ணிமைக்கும் நேரத்திலே’

என்று இழுத்து, கோலை ஓங்கி, நாணில் அடித்தாள். அதே நேரம் என் தொடையில் ஒன்று கடித்தது. அப்புறம் ஒன்று. அப்புறம் சொல்ல முடியாத இடத்தில் எத்தனை என்று தெரியவில்லை. நான் பாயிலிருந்து எழும்பினது எனக்குத் தெரியாது. குடத்தைத் தாண்டிக் குதித்திருக்கிறேன். ‘ஆ’ என்று கத்தினேன், கூட்டம் குலவை போட்டது. வேட்டியை உதறினேன், இன்னும் குலவை. உதறி உதறிச் சாமி நிற்கிற பூடம் பக்கம் ஓடினேன், யாரோ கையில் வெட்டரிவாளைக் கொடுத்தார்கள். எறும்பு கடிக்கிறவன் கையில் அரிவாளைக் கொடுக்கிற ஊர் எங்கள் ஊர். நிர்வாகி என் கழுத்தில் மாலை போட்டார். ஐயாக்குட்டி மேலே ஒன்றும் வராமல், ஏப்பம் விட்டுக்கொண்டு நின்றார். ‘சாமி வீட்டுக்கு வந்து பார்த்திருக்கு, கதவு பூட்டியிருந்திருக்கு, பக்கத்து வீட்டுக்குப் போயிட்டு’ என்று ஒரு கிழவர் சொன்னார். அதுதான் கடைசியில் தீர்ப்பாகிவிட்டது.

அவளாவது நிறுத்தியிருக்கலாம். நிறுத்தவில்லை. நான் குதிக்கிற குதிக்குத் தகுந்த மாதிரி கோலை வேகமாக்கினாள். ஒரு மணி நேரம் ஆடினேன் என்கிறார்கள். எறும்பு அத்தனை நேரமா இருக்கும் என்று நீங்கள் கேட்பீர்கள். எறும்பு முதல் பத்து நிமிஷத்தில் விழுந்திருக்கும். கடித்த எரிச்சல் உடனே போகுமா? அதுதான் ஆடியிருக்கிறது.

கண்டக்டர், நான் செங்கமால்விளை விலக்கில் இறங்க வேண்டும், ஞாபகம் இருக்கட்டும்.

அதற்குப் பிறகு அவளுக்கு நல்ல நேரம் வந்துவிட்டது. பரோட்டா விஷயம் வெளியே வந்து ஐயாக்குட்டியிடமிருந்து சாமிகொண்டாடி மாலையைப் பிடுங்கி எனக்குக் கொடுத்துவிட்டார்கள். நான் எறும்பு என்றேன். நிர்வாகி என் கையைப் பிடித்துக்கொண்டு, ‘சாமி எப்படி வேணும்னாலும் வரும், எறும்பா வந்தா வேண்டாம்னு சொல்ல நீ யாருவே?’ என்று கேட்டார். முதல் மரியாதை, முதல் விபூதி, முதல் வாழைப்பழம். வேண்டாம் என்றால் சாமிக் குத்தம் என்றார்கள். ஊருக்காக ஒத்துக்கொண்டேன்.

ஆனால் தொழில் போயிற்று. அடுத்த ஊர்க் கொடையில் அவளுக்கு ஆமா போட உட்கார்ந்தேன். இந்தத் தடவை போடத்தான் போனேன், நான் அப்படி ஒன்றும் கெட்டவன் இல்லை. ஒருத்தரும் கதை கேட்கவில்லை. எப்போது குதிப்பான் என்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். கதை நடுவில் ஒரு பெண் வந்து பச்சைப் பிள்ளையை என் மடியில் கிடத்தி விபூதி கேட்டாள். இன்னொருத்தி தொலைந்த ஆடு எங்கே இருக்கிறது என்று கேட்டாள். மூன்றாவது ஊரில் அன்னப்பழம் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, ‘அண்ணாச்சி, சாமியைப் பக்கத்துல உக்கார வச்சுக்கிட்டு நான் பாடுறது மரியாதை இல்லை’ என்றாள். எவ்வளவு நைசாக என்னை வெளியே தள்ளினாள் பாருங்கள். எனக்கு அப்புறம் வாழைத் தோட்டம்தான்.

அவள் ரேடியோவில் பாடினாள். கேசட் வந்தது, டீக்கடைக்கு டீக்கடை அதுதான். அதில் ஆமா போட்டவன் மூக்கால் போட்டிருக்கிறான், சளி பிடித்த கழுதை மாதிரி. பட்டம் கொடுத்தார்கள், மந்திரி கையால் கேடயம். வில்லடிக்கிற பெண்ணை எவன் கட்டுவான் என்று நான் சொல்லிக்கொண்டிருந்தேன், கண்டக்டர் பிச்சையா என்று ஒரு நல்ல மனுஷன் கட்டிக்கொண்டான், அதுவும் அவளுக்கு லாபம். அவளைப் பார்த்து நாலைந்து பெண் பிள்ளைகள் கோலை எடுத்தார்கள். சிங்கப்பூர் போனாள். எனக்கு என்ன கொண்டு வந்தாள் தெரியுமா? ஒரு குடை. பொத்தானை அமுக்கினால் விரிகிற குடை. இதோ இதுதான். முப்பது வருஷம் ஆகிறது, இன்னும் ஒரு கம்பி வளையவில்லை. அதற்காகச் சொல்லவில்லை, நாற்பது வருஷம் ஒருத்தனை வைத்துப் பெயர் எடுத்துவிட்டு ஒரு குடை.

நீங்கள் ஏதோ கேட்க வருகிறீர்கள். கேளுங்கள். அதற்கடுத்த வருஷங்களில் எறும்பு எங்கே என்றுதானே? நான் மறைக்கிற ஆள் இல்லை. முதல் வருஷம் மட்டும்தான் எறும்பு. இரண்டாம் வருஷத்திலிருந்து சாமி. அது நிஜமாக வந்தது. வெட்டு விழுகிற இடம் வரும், உச்சியில் ஒரு குளிர்ச்சி இறங்கும், அதற்கு மேல் எனக்கு ஒன்றும் தெரியாது. விழித்துப் பார்த்தால் மாலையோடு கிடப்பேன். எங்கள் சாமி, எங்கள் கோயில், என் உடம்பு. இதில் அவளுக்கு என்ன சம்பந்தம்? அவள் பாட்டுக்குப் பாடிக்கொண்டிருப்பாள்.

அவள் சிங்கப்பூர் போன வருஷம் வேறு ஒரு புலவர் வந்து பாடினார். சாமி வரவில்லை. மைக் சரியில்லை, கரகரவென்று இருந்தது. இன்னொரு வருஷம் அவளுக்குப் பிரசவம், அவள் சித்தப்பா மகன் பாடினான். அப்போதும் வரவில்லை. அவன் வெங்காயம் சாப்பிட்டுவிட்டு வந்திருந்தான், எனக்குத் தெரியும். இரண்டு தரமும் இரண்டு மணி நேரம் கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். வெயிலில் நிற்கிற நிலைப்படி மாதிரி. அந்த நிற்பு இருக்கிறதே, அது எதிரிக்கும் வேண்டாம். முன்னால் இருக்கிற பிள்ளைகள்கூடக் கொட்டாவி விடும்.

வருகிற செவ்வாய்க்கிழமை எங்கள் கொடை. இந்த வருஷம் பாடுகிறது நாங்குநேரிப் பக்கத்துப் பையன்கள். பாட்டுக்குக் கீபோர்டு வைத்திருக்கிறார்கள். இப்போது இருக்கிற நிர்வாகி சின்னப் பயல், அவன் போன வாரம் வீட்டுக்கு வந்து, ‘தாத்தா, ஒங்களுக்கும் எழுவத்திமூணு ஆச்சு. இந்த வருசம் சாமி வரலேன்னா மாலையை ஐயாக்குட்டி பேரன்கிட்ட குடுத்திருவோம்’ என்றான். அந்தப் பேரன் ஒரு மாசமாக விரதம் இருக்கிறான். பத்து நாள் போதும், ஒரு மாசம். தாடி வேறு வளர்க்கிறான். பரோட்டா தின்றவன் வீட்டுக்கு மாலை திரும்பிப் போவதா?

நான் ஒரு முயற்சி செய்து பார்த்தேன். உங்களிடம் சொல்வதில் வெட்கம் இல்லை. முந்தாநாள் தோட்டத்தில் கட்டெறும்புப் புற்றுக்குப் பக்கத்தில் பாயைப் போட்டு, மடியில் கருப்பட்டியை நனைத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். செல்போனில் அவள் கேசட் பாட்டைப் போடச் சொன்னேன் என் வீட்டுக்காரியிடம். எறும்பு வந்தது. நன்றாகவே வந்தது. கடித்தது. எனக்கு வலித்தது, எழுந்து உதறினேன், அவ்வளவுதான். ஆட்டம் வரவில்லை. தொடை பூரி மாதிரி வீங்கியதுதான் மிச்சம். மஞ்சள் அரைத்துப் போட்டுக்கொண்டே என் வீட்டுக்காரி, ‘இந்த வயசுல ஒங்களுக்கு எறும்பு கேக்குதா?’ என்றாள். இப்போதெல்லாம் மருந்து அடித்து மருந்து அடித்து எறும்புக்கும் வீரியம் இல்லை.

அதனால்தான் இன்று காலையில் நாகர்கோவில் போனேன். பாட வா என்று கேட்கப் போகவில்லை. அதை முதலில் சொல்லிவிடுகிறேன். நீ பாட்டை நிறுத்தப் போகிறாய், போவதற்கு முன்னால் நாலு பேப்பர்க்காரனைக் கூப்பிட்டு அது எறும்புதான் என்று சொல்லிவிட்டுப் போ என்று கேட்கத்தான் போனேன். செவ்வாய்க்கிழமை விஷயம் பேச்சோடு பேச்சாக வந்தால் வரட்டும் என்று இருந்தேன்.

கழுத்தில் துண்டு சுற்றிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். தொண்டையில் ஆபரேஷன். பாடினால் உள்ள குரலும் போய்விடும் என்று டாக்டர் சொல்லியிருக்கிறாராம். பேசினால் காய்ந்த பனையோலை உரசுகிற மாதிரி இருக்கிறது. பிச்சையா காப்பி போட்டுக் கொண்டு வந்தான். நான் எறும்பு விஷயத்தை ஆரம்பித்தேன். அவள் பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னாள்.

“எறும்புன்னு எனக்குத் தெரியுமே அண்ணாச்சி.”

காப்பி எனக்குப் புரை ஏறிவிட்டது.

“வரிசையா ஒங்க வேட்டியில ஏறுனதைப் பார்த்துக்கிட்டேதானே பாடுனேன். அது மேல வாரதுக்குள்ள வெட்டு விழுந்திரக் கூடாதுன்னு அந்த அடியை நாலு தரம் இழுத்தேன்.”

கேட்டீர்களா இந்த அநியாயத்தை? நாற்பத்தொரு வருஷம் கழித்துச் சொல்கிறாள். எறும்பு ஏறுகிறது என்று எனக்கு ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா என்றேன்.

“நீங்க ஒரு ஆமா சொல்லியிருந்தீயள்னா நானும் ஒரு வார்த்தை சொல்லியிருப்பேன்” என்றாள்.

பிச்சையா சிரித்துக்கொண்டே டம்ளரை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டான். நான் சுவர்ப் பக்கம் திரும்பினேன். சுவர் முழுக்க அவள் படம்தான், பார்க்கவும் இடம் இல்லை. பிறகு, எப்படியோ, வாயில் வந்துவிட்டது. செவ்வாய்க்கிழமை வந்து ஒரு அரை மணி நேரம், அந்த வெட்டு விழுகிற இடம் மட்டும் பாடு என்றேன். ஐயாக்குட்டி பேரன் தாடி வளர்க்கிறான் என்றேன். நான் கெஞ்சினேன் என்று பிச்சையா சொல்கிறான். நான் கெஞ்சவில்லை, விவரமாகச் சொன்னேன்.

அவள் மேசையில் இருந்த எவர்சில்வர் சொம்பை விரலால் தட்டினாள். தட்டிக்கொண்டே, பாட்டுக்கூட இல்லை, உதட்டுக்குள் ஒரு முனகல். அந்த வெட்டு விழுகிற இடத்துக்கு முந்தின அடி. எனக்கு உச்சியில் குளிர்ந்தது. அவ்வளவுதான் எனக்குத் தெரியும்.

மீதியைப் பிச்சையா சொன்னான். நாற்காலியோடு எழும்பினேனாம். கண்ணாடி அலமாரியில் மோதி மந்திரி கொடுத்த கேடயம் இரண்டாக உடைந்து போயிற்றாம். அதற்கு எனக்கு வருத்தம் இல்லை. பிச்சையா ஓடிப்போய்ச் சூடம் கொளுத்திக் கொண்டு வந்தானாம். சாமி வந்தால் வாக்குக் கேட்க வேண்டும், அது முறை. அவள் துண்டை அவிழ்த்து இடுப்பில் கட்டிக்கொண்டு என் முன்னால் வந்து நின்று கேட்டாளாம். “சாமி, நான் பாட்டை நிறுத்தட்டுமா, இல்லை செத்தாலும் பாடணுமா? நீ சொன்னா செவ்வாக்கிழமை வாரேன்.”

வருகிறேன் என்கிறாள். டாக்டரை மீறி வருகிறேன் என்கிறாள். நான் கேட்கப் போனது அதைத்தானே? வா என்று ஒரு சொல் சொன்னால் போதும். என் மாலை என் கழுத்தில் இருக்கும். இதற்கு இந்தச் சாமி என் வாயைத் திறந்து சொன்னதைப் பிச்சையா இரண்டு தரம் சொல்லிக் காட்டினான்.

“நாப்பது வருசம் நீ கூப்பிட்டே, நான் வந்தேன். இனிமே கூப்பிட வேண்டாம் தாயி. தொண்டையை ஆத்திக்கோ. ஒன்னைப் போல வில்லைத் தொட்டவ ஒருத்தி கிடையாது. இந்தப் பய சொல்லமாட்டான், நான் சொல்லுதேன்.”

இந்தப் பய என்றால் நான். எழுபத்து மூன்று வயசு ஆளைப் பயல் என்கிறது. அவள் நின்றபடியே அழுதாளாம். இதெல்லாம் என் வாயிலிருந்து வந்ததாம், என் குரலிலேயே. ஒரு எழுத்துக்கூட எனக்கு ஞாபகம் இல்லை. நான் அப்படிச் சொல்கிற ஆள் இல்லை, என் வீட்டுக்காரியைக் கேளுங்கள். பிச்சையா என்னை ஒரு மாதிரியாகப் பார்த்துச் சிரிக்கிறான், சாமிக்கு எப்படி உங்கள் இருமல் வந்தது என்று கேட்கிறான். சாமி வந்த உடம்பு அப்படித்தான் இருமும், கண்டக்டர் வேலை பார்த்தவனுக்கு அது எங்கே தெரியும்?

இனி நான் அவளைப் பாட வா என்று கேட்க முடியாது. விளங்குகிறதா? சாமி வாக்குச் சொல்லியாயிற்று. அதைச் சாமிகொண்டாடியே மீறிக் கேட்டால் அப்புறம் எனக்கு என்ன யோக்கியதை? நான் கேட்கப் போனதை நானே வேண்டாம் என்று சொல்லிவிட்டு வருகிறேன். செவ்வாய்க்கிழமை போய் நிற்பேன். கீபோர்டுக்கு அது வராது, எனக்குத் தெரியும். இரண்டு மணி நேரம் நின்றுவிட்டு, மாலையைக் கழற்றி அந்தத் தாடிக்காரப் பயலிடம் கொடுத்துவிட்டு வரவேண்டியதுதான். நின்று பழக்கம் இருக்கிறது.

அதெல்லாம் கிடக்கட்டும், எனக்குப் பிடிபடாதது வேறு ஒன்று. சாமி மலையேறி, எனக்கு நினைவு வந்து, முகம் கழுவி, அவள் கொடுத்த மோரையும் குடித்து, செருப்பைப் போட்டுக்கொண்டு வாசலுக்கு வந்துவிட்டேன். அரை மணி நேரத்துக்கு மேலே இருக்கும். வெறும் நல்லபெருமாள்தான் நிற்கிறேன். அவள் பின்னாலேயே வந்து, குனிந்து, என் காலைத் தொட்டுக் கும்பிட்டாள். சாமி எப்போது வரும், எப்போது போகும் என்று அவளுக்குத் தெரியாதா? அவளை விட அது யாருக்குத் தெரியும்?

சாமி போயிற்று அம்மா என்று சொல்லத்தான் வாயெடுத்தேன். சொல்லவில்லை. அவள் எழுந்திருக்கிற வரைக்கும் காலை நகர்த்தாமல் நின்றுகொண்டிருந்தேன்.